உஷார்! ‘விலை ஏறாது’ என்றால்தான் பயப்பட வேண்டும்

சாக்கோட்டை, புதுவயல், கண்டனூர் பக்கம் பெட்ரோல் பங்கில் வண்டியை நிறுத்துகிறவர்கள் எல்லோரும் கவனியுங்கள். பட்ஜெட் அன்று டிவியில் ‘பெட்ரோல் விலையில் மாற்றமில்லை’ என்று ஓடினால் நிம்மதியாகச் சேனலை மாற்றிவிடாதீர்கள். பணம் கைமாறுவதே அப்போதுதான்.

2021 பிப்ரவரி 1 பட்ஜெட்டில் நடந்தது இது. லிட்டருக்கு 2.50 ரூபாய் விவசாய உள்கட்டமைப்பு செஸ் புதிதாக வந்தது. அதே நாளில் அடிப்படை கலால் வரி 2.98 ரூபாயிலிருந்து 1.40 ஆகக் குறைந்தது, சிறப்புக் கூடுதல் வரியிலும் ஒரு ரூபாய் குறைந்தது. பங்கில் விலை ஏறவில்லை, யாரும் சத்தம் போடவில்லை. ஆனால் மாநிலங்களோடு பங்கு போட வேண்டிய வரி பாதிக்கு மேல் சுருங்கிவிட்டது. செஸ்ஸிலும், சிறப்புக் கூடுதல் வரி போன்ற சர்சார்ஜிலும் மாநிலங்களுக்குப் பங்கு கிடையாது. அது முழுக்க டெல்லிக்கே.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். 2022 மே மாதக் குறைப்புக்குப் பிறகு லிட்டருக்கு மத்திய வரி 19.90 ரூபாயாக இருந்தது. அதில் பங்கீட்டுக்கு வந்தது அந்த 1.40 மட்டுமே. 15-ஆவது நிதிக்குழு சொன்ன 41 சதவீதப்படி எல்லா மாநிலங்களுக்கும் சேர்த்து 57 காசு. அதில் தமிழ்நாட்டின் பங்கு அப்போது 4.079 சதவீதம், அதாவது இரண்டு காசு சொச்சம்! மாநிலம் தனியாக வாட் வாங்குகிறது, உண்மைதான். அதற்காக இந்த இழப்பை மறந்துவிட முடியுமா?

செஸ் என்றால் சொன்ன வேலைக்கே போகும் என்று நம்புகிறவர்களுக்கும் எச்சரிக்கை. 2018-19-இல் 35 செஸ்களில் வசூலான சுமார் 2.75 லட்சம் கோடியில், உரிய நிதியங்களுக்குப் போனது 1.64 லட்சம் கோடிதான் என்று தலைமைக் கணக்குத் தணிக்கையாளரே எழுதினார். இதில் கட்சி பார்க்காதீர்கள். 2004-இல் 2 சதவீதக் கல்வி செஸ்ஸைக் கொண்டுவந்தவர் நம் கண்டனூரைச் சேர்ந்த ப. சிதம்பரம். எந்த ஆட்சிக்கும் இந்த செஸ் பிடித்தமானது.

இப்படிக் கணக்குக் கேட்பது நமக்குப் புதிதல்ல. தஞ்சாவூரில் பிறந்த பொருளாதார அறிஞர் ஜே.சி. குமரப்பா, வெள்ளைக்காரன் காலத்திலேயே அரசின் வரவு செலவைப் பிரித்து மேய்ந்தவர். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் அவர் செய்த அந்த ஆய்வைக் காந்தி தன் ‘யங் இந்தியா’வில் தொடராக வெளியிட்டார். வரி எவ்வளவு என்பதோடு அவர் நிற்கவில்லை. யாரிடமிருந்து எடுத்து யாருக்காகச் செலவழிக்கிறார்கள் என்று பார்த்தார். கடைசிக் காலத்தில் அவர் வாழ்ந்தது நமக்குப் பக்கத்து மாவட்டமான மதுரையின் தே. கல்லுப்பட்டியில். அந்தக் கண்ணோடு இன்று பட்ஜெட்டைப் படிக்கிறவர்கள் நம்மிடையே எத்தனை பேர்?

அடுத்த பட்ஜெட்டில் ‘வரிக் குறைப்பு’ என்று அறிவித்தால், எந்த வரி என்று உடனே கேளுங்கள். குறைந்தது அடிப்படை வரியா, செஸ்ஸா? ஓட்டுக் கேட்டு ஊருக்குள் வருகிற எம்.பி. வேட்பாளர் எந்தக் கட்சியாக இருந்தாலும், இந்தக் கேள்விக்குப் பதில் வாங்காமல் விடாதீர்கள்.