நம் பெயரில் பேசிய விளையாட்டு



2012இல் முகநூலின் ஆப் சென்டரில் இலவச விளையாட்டுகள் இருந்தன. விளையாடத் தொடங்கும் பொத்தானின் கீழே ஒரு சிறு குறிப்பு: இந்த விளையாட்டு உங்கள் பெயரில் செய்திகளும் படங்களும் வெளியிடலாம். அழுத்தினால் சம்மதம்!

ஜேர்மன் நுகர்வோர் அமைப்புகளின் கூட்டமைப்பு வழக்குப் போட்டது. 2014இல் பேர்லின் நீதிமன்றம் முகநூலுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. ஐரோப்பிய நீதிமன்றத்திடம் இருமுறை விளக்கம் கேட்கப்பட்டது. கடைசியில் 2025 மார்ச் 27இல் கார்ல்ஸ்ரூவே உச்ச நீதிமன்றம் முகநூலின் மேல்முறையீட்டைத் தள்ளியது. எந்தத் தகவலை, எதற்காக, யார் எடுக்கிறார் என்பதை முதலிலேயே தெளிவாகச் சொல்ல வேண்டும் என்பதே சட்டம்.

விளையாட்டுகள் தாமாகவே பதிவிடும் வழியை முகநூல் 2018இல் அடைத்துவிட்டது. ஆனால் நாம் முன்பு கொடுத்த அனுமதிகள் இன்னும் இருக்கலாம். செட்டிங்ஸில் ‘ஆப்ஸ் உண்ட் வெப்சைட்ஸ்’ பகுதியைத் திறந்து, வேண்டாதவற்றை நீக்குவோம். ஏற்கெனவே எடுத்த தகவலை அழிக்கும்படி விளையாட்டு நிறுவனத்திடம் கேட்கவும் நமக்கு உரிமை உண்டு.

ஞானஸ்நானத்தில் சபையார் முன் சொல்லப்பட்ட பெயர் நம்முடையது. அந்தப் பெயரில் என்ன பேசப்படுகிறது என்பதற்கு நாமே பொறுப்பு. இந்த ஞாயிறு ஆராதனை முடிந்ததும், அம்மா அப்பாவின் தொலைபேசியையும் சேர்த்துப் பார்ப்போமா?