காகிதப்பூவும் போத்து முறையும்

மும்பையின் மாட்டுங்கா, செம்பூர் முதலிய பகுதிகளில் மதில்களையும் மாடி முகப்புகளையும் அணிசெய்யும் பூஞ்செடிகளுள் ஒன்று, காகிதப்பூ எனப்படும் போகன்வில்லா. 1767-ஆம் ஆண்டில் பிரேசில் நாட்டை அடைந்த பிரெஞ்சுத் தாவர அறிஞர் கொமர்சோன் இதனைக் கண்டு, தம் கப்பற்பயணத் தலைவர் புகேன்வில் என்பாரின் பெயரால் அழைத்தார். இதில் வண்ணமாகத் தோன்றுபவை இதழ்கள் அல்ல; பூவடிச் செதில்கள். அவற்றினிடையே காணும் சிறு வெண்குழலே மெய்யான பூவாகும்.

தோட்ட வகைகள் பல எளிதில் விதை கொள்வதில்லை. கொண்டாலும் விதைநாற்று தாய்ச்செடியை ஒத்திருப்பதில்லை. ஆதலின் கிளைத்துண்டை நட்டு வேர்விடச் செய்யும் போத்து முறை கையாளப்படுகிறது. போத்து, தான் வெட்டப்பட்ட கிளையின் இயல்பையே பெறும். வெண்மையும் செம்மையும் ஒரே செடியில் காட்டும் 'மேரி பாமர்' வகையில் வெள்ளை மட்டும் பூத்த கிளையை வெட்டினால், வெள்ளைச் செடியே கிடைத்தல் கூடும்.

மும்பையில் இச்செடி வறண்ட மாதங்களில் மிகுதியாகப் பூக்கிறது. போத்து வேர்விட ஏற்ற ஈரக்காற்றோ ஜூனில் தொடங்கும் மழைக்காலத்தில்தான் அமைகிறது. ஆகவே, பூத்திருக்கும்போதே விரும்பிய கிளையில் நூல் கட்டி அடையாளமிடுதல் வேண்டும்.

பென்சில் பருமனுள்ள முற்றிய கிளையில், மூன்று நான்கு கணுக்கள் அமைய, 15 முதல் 20 செ.மீ. நீளமுள்ள துண்டுகளை வெட்டுக. அடிவெட்டு கணுவிற்குச் சற்றுக் கீழே சாய்வாகவும், மேல்வெட்டு நேராகவும் இருப்பின் தலைகீழாக நடும் தவறு நேராது. இலைகளை நீக்கி, பருமணலும் இலைமக்கும் கலந்த தொட்டியில் இரு கணுக்கள் புதையுமாறு நடுக. மழைநீர் தேங்கினால் அடி அழுகும். ஆதலின் தொட்டியைத் தாழ்வாரத்து நிழலில் வைத்தல் நலம்.

மொட்டுகளில் உண்டாகும் வளர்ச்சிப்பொருள் அடிநோக்கி இறங்கி வேரைத் தூண்டுகிறது. இதற்கு உதவும் இண்டோல் பியூட்டிரிக் அமிலத்தின் ஆற்றல் 1935-இல் அமெரிக்காவில் அறிவிக்கப்பட்டது. இன்று கடைகளில் கிடைக்கும் வேர்த்தூள்களில் அது பெரிதும் பயன்படுகிறது.

துளிர் கண்டவுடன் வேர் வந்துவிட்டதெனக் கருதலாகாது. கிளையில் சேர்ந்திருந்த உணவைக் கொண்டு துளிர் முந்தி வரும்; வேர் பின்னரே தோன்றும். அவசரமாக இழுத்துப் பார்ப்பதால் அழியும் போத்துகள் பல. இச்செடியின் வேர் எளிதில் முறிவதாகலின், மாற்றி நடும்போது மண்கட்டி உதிராமல் எடுக்க வேண்டும்.

ஆசிரியர்கள் ஒரே கிளையின் பத்துத் துண்டுகளில் ஐந்திற்குத் தூளிட்டும் ஐந்திற்கு இடாமலும் நட்டு, எட்டு வாரங்கள் கழித்து மாணவர் வேர்களை எண்ணுமாறு செய்யலாம்.