பெட்ரோமாக்ஸ் விளக்கில் ஒரு கதிரியக்க உலோகம்

மின்சாரம் எட்டாத நாள்களில் ஊரில் நிக்காஹ் என்றால், மாப்பிள்ளை ஊர்வலத்தின் முன்னே பெட்ரோமாக்ஸ் விளக்குகள் வரிசையாக வருவதைப் பார்த்திருப்பீர்கள். மீலாது மேடைக்கும் அதுவே ஒளி. இரைச்சலோடு எரியும் அவ்விளக்கின் நடுவே தொங்கும் வெண்ணிறப் பையை 'மேண்டில்' என்போம். விரல் பட்டாலே பொடிந்துவிடும் அந்தச் சாம்பல் கூட்டில் இருந்தது தோரியம் என்னும் கதிரியக்க உலோகம் என்பதை அறிவீர்களா?

சுவீடன் நாட்டு வேதியியல் அறிஞர் பெர்சீலியஸ் இத்தனிமத்தைக் கண்டறிந்து 1829இல் அறிவித்தார். இதன் அணு எண் 90. வெள்ளிபோல் மின்னும், காற்றுப் பட்டால் மெல்லக் கறுக்கும், ஈயத்தைவிடச் சற்றுக் கனமானது. இது கதிர்களை வெளியிடுவதை 1898இல் மேரி கியூரியும், ஜெர்மானியரான ஷ்மிட்டும் தனித்தனியே கண்டனர். எந்த அளவு தோரியத்தை எடுத்துக்கொண்டாலும் அதில் பாதி சிதைந்து முடிய ஏறத்தாழ 1,400 கோடி ஆண்டுகள் ஆகும். நாம் வாழும் பூமியின் வயதோ சுமார் 450 கோடி ஆண்டுகளே!

விளக்குக்கு வந்த வழி

ஆஸ்திரிய நாட்டு அறிஞர் ஔவர் 1891இல், தோரியம் ஆக்ஸைடு 99 பங்கும் சீரியம் ஆக்ஸைடு 1 பங்கும் கலந்த மேண்டிலை உருவாக்கினார். தோரியம் ஆக்ஸைடு உருக 3,300 டிகிரி சென்டிகிரேடுக்கு மேல் வெப்பம் வேண்டும். ஆகவே துணி எரிந்துபோனாலும் அது உருகாமல் கூடாக நின்று, தீயின் சூட்டில் வெண்மையாக ஒளிர்கிறது. அந்த ஒளி வெப்பத்தால் பிறப்பது. கதிரியக்கத்திற்கும் அதற்கும் தொடர்பில்லை.

மேண்டில் தொழிலுக்குத் தேவையான தோரியம் நம் கடற்கரையிலும் கிடைத்தது. திருவிதாங்கூரிலிருந்து ஏற்றுமதியான கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட் என்னும் கனிமம் இருப்பதை 1909இல் ஷோம்பெர்க் என்ற ஜெர்மானியர் கண்டார். அதன்பின் இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சியில் மணலைப் பிரிக்கும் ஆலை எழுந்தது. அம்மோனசைட்டில் 8 முதல் 10 விழுக்காடு தோரியம் ஆக்ஸைடு உண்டு.

உடலுக்குள் புகுந்தால்?

தோரியம் வெளியிடும் ஆல்ஃபா கதிரை ஒரு தாளோ, நம் மேல்தோலோ தடுத்துவிடும். ஆனால் மூச்சிலோ உணவிலோ தோரியம் உள்ளே சென்றுவிட்டால், காக்கும் தோல் அங்கில்லை. இதை மருத்துவ உலகம் பெரும் விலை கொடுத்துக் கற்றது. 1930களிலும் 40களிலும், எக்ஸ்ரே படம் தெளிவாக விழுவதற்காகத் 'தோரோட்ராஸ்ட்' என்ற தோரியக் கரைசலை நோயாளிகளின் இரத்தக் குழாய்களில் செலுத்தினர். அது வெளியேறாமல் ஈரலிலும் மண்ணீரலிலும் ஆயுள் முழுதும் தங்கிவிட்டது. இருபது, முப்பது ஆண்டுகள் கழித்துப் பலரை ஈரல் புற்றுநோய் பற்றியது. படம் எடுத்த அன்று யாருக்கும் எந்த வலியும் இருக்கவில்லை!

அதே தோரியம் அணு உலையில் நியூட்ரானை ஏற்று, யுரேனியம்-233 என்னும் எரிபொருளாக மாறக்கூடியது. கல்பாக்கத்தில் 1996இல் இயங்கத் தொடங்கிய 'காமினி' என்ற சிறிய ஆய்வு உலை அவ்வெரிபொருளால் இயங்குவதே.

இல்லத்தரசிகள் கவனத்திற்கு

இப்போது பல மேண்டில்களில் தோரியத்திற்குப் பதிலாக இட்ரியம் சேர்க்கப்படுகிறது. எனினும் உங்கள் வீட்டுப் பரணில் பழைய விளக்கோ மேண்டிலோ இருக்கலாம். அது இருப்பதால் மட்டும் அஞ்ச வேண்டியதில்லை. பொடிந்த மேண்டிலை வாயால் ஊதாதீர்கள். ஈரத் துணியால் ஒற்றி எடுங்கள். பிறகு சோப்பிட்டுக் கை கழுவுங்கள். புது மேண்டிலை முதன்முதலில் எரிப்பது திறந்த வெளியில் நடக்கட்டும். குழந்தைகள் அதை விளையாட்டுப் பொருளாக்க விடாதீர்கள். நம் திருமணங்களுக்கு ஒளி தந்த பொருள்தான். ஆயினும் அதன் தூசு நம் பிள்ளைகளின் மூச்சில் கலக்கக் கூடாது.