கரையும் சரித்திரம்

தேசத்தின் நினைவுகளைச் சுமக்கும் படச்சுருள்கள் தீக்கும் அலட்சியத்துக்கும் இரையாகிவந்தன. மிஞ்சியதைக் காக்கத் தாமதமாகவே பணம் வந்திருக்கிறது.

1947 ஆகஸ்ட் 14 நள்ளிரவு. அரசியல் நிர்ணய சபையில் நேரு பேச எழுந்தபோது, அதைப் பதிவுசெய்ய இந்திய அரசிடம் சொந்தமாக ஒரு படப்பிரிவு இல்லை. உலகப் போரின்போது பிரிட்டிஷ் அரசு தொடங்கிய 'இந்தியன் நியூஸ் பரேட்' 1946லேயே மூடப்பட்டுவிட்டது. ஆண்டுதோறும் சுதந்திர தினத்தன்று நாம் பார்ப்பது தனியாரும் வெளிநாட்டு நிறுவனங்களும் எடுத்த காட்சிகளைத்தான்.

அடுத்த ஆண்டே பிலிம்ஸ் டிவிஷன் பிறந்தது. தியேட்டர்களில் மெயின் படத்துக்கு முன்பு கட்டாயமாக ஓடிய அதன் நியூஸ் ரீல்களை, சிகரெட் பிடித்துவிட்டு வருவதற்கான அவகாசமாகவே பல ரசிகர்கள் கருதினார்கள். இன்று அந்த ரீல்கள்தான் வரலாற்று ஆசிரியர்களுக்குப் பொக்கிஷம்.

1964ல் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் உருவானது. அதன் தூணாக விளங்கிய பி.கே. நாயர், 1991ல் ஓய்வு பெறும்வரை ஊர் ஊராக அலைந்து படச்சுருள்களைச் சேர்த்தார். தாதாசாகேப் பால்கேயின் படங்களில் இன்று எஞ்சியிருக்கும் பகுதிகள் அவர் தேடிக் கொண்டுவந்தவை. ஆனாலும் முதல் பேசும் படமான ஆலம் ஆராவின் (1931) ஒரு பிரதிகூட இல்லை. ஆயிரத்துக்கும் அதிகமான மௌனப் படங்களில் தப்பியவை மிகச் சிலவே.

1950களின் தொடக்கம்வரை பயன்பட்ட நைட்ரேட் பிலிம், தீப்பிடித்தால் தண்ணீருக்குள்ளும் எரியும். 2003 ஜனவரியில் புனே திரைப்படக் கல்லூரி வளாகக் கிடங்கில் மூண்ட தீ, நூற்றுக்கணக்கான படங்களின் சுருள்களைச் சாம்பலாக்கியது. பின்னால் வந்த அசிட்டேட் பிலிமோ வெப்பத்திலும் ஈரத்திலும் வினிகர் நெடியடித்துச் சுருங்கிவிடும். அதிலுள்ள வெள்ளிக்காக உருக்கப்பட்டவை வேறு.

ஏ.கே. செட்டியார் உலகம் சுற்றிக் காட்சிகளைச் சேகரித்து 1940ல் வெளியிட்ட காந்தி ஆவணப்படத்தின் கதி இதற்கு உதாரணம். பிரதிகள் இங்கே காணாமல்போக, அதன் சுருக்கமான ஆங்கில வடிவம் 2006ல் சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகம் ஒன்றில் கண்டெடுக்கப்பட்டது. கண்டுபிடித்தவர் வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி.

நல்ல செய்தியும் உண்டு. 2019ல் புனே காப்பகத்துக்கு, எடிட் செய்யப்படாத 30 காந்தி ரீல்கள் கிடைத்தன. சுமார் ஆறு மணி நேரக் காட்சிகள். அவற்றில் ஒன்று, காந்தியின் அஸ்தி சென்னையிலிருந்து ராமேஸ்வரத்துக்கு ரயிலில் சென்ற பயணம்.

பாதுகாப்புக்கான தேசியத் திட்டத்துக்கு ரூ.597 கோடி ஒதுக்கப்பட்டது. சுமார் 2,200 படங்களைச் செப்பனிடும் பணி 2022ல் அறிவிக்கப்பட்டது. ஆனால் டிஜிட்டல் பிரதி மட்டும் போதாது. ஹார்ட் டிஸ்க்குகள் சில ஆண்டுகளில் பழுதாகலாம். குளிரூட்டிய அறையில் பிலிம் நூறாண்டுக்கு மேலும் தாங்கும்.

2022ல் காப்பகமும் பிலிம்ஸ் டிவிஷனும் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்துடன் இணைக்கப்பட்டபோது, இந்தச் சொத்து யாருக்கு என்று திரைத்துறையினர் கவலைப்பட்டார்கள். அரசிடமே இருக்கும் என்று பதில் வந்தது. பெட்டகத்தில் இருந்தால் மட்டும் போதாது. பள்ளி மாணவனும் கேட்டுப் பார்க்க முடிந்தால்தான் அது தேசத்தின் சொத்து.