மூன்று டிராம்போன்கள் காத்திருக்கின்றன

தஞ்சாவூர் வாசகி ஒருவர் எழுதியிருக்கிறார். 2025 மார்ச்சில் இளையராஜா லண்டனில் தம் சிம்பொனியை அரங்கேற்றியதிலிருந்து வாசகியின் வீட்டில் அதே பேச்சுதானாம். கல்லூரியில் படிக்கும் மகன், "இதைக் கேளும்மா" என்று பீத்தோவனின் ஐந்தாம் சிம்பொனியைப் போட்டுவிட்டுப் போயிருக்கிறான். ஆரம்பத்தில் வரும் நாலு சத்தமும் ஏதோ விளம்பரத்தில் கேட்டவைதான். அதற்குப் பிறகு பிடி கிடைக்கவில்லை. பாட்டு இல்லை, வார்த்தை இல்லை, அரை மணி நேரத்துக்கு மேல் ஓடுகிறது. இதை இருநூறு வருஷமாக உலகம் ஏன் கேட்டுக்கொண்டிருக்கிறது என்று கேட்கிறார்.

மகன் போட்டுக் கொடுத்தது சரியான சிம்பொனிதான். அதையே வைத்துக்கொண்டு பதில் சொல்கிறேன். ஆர்கெஸ்ட்ராவில் யார் எங்கே உட்காருவார்கள், நாலு மூவ்மென்டுக்கும், அதாவது நாலு பகுதிக்கும், என்ன இலக்கணம் என்பதையெல்லாம் பலர் எழுதிவிட்டார்கள். எனக்கு அந்தச் சிம்பொனியில் தீராத ஆசை ஒன்று உண்டு. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

அதற்கு முன் கொஞ்சம் பூர்விகம். இத்தாலிய ஓபராவில் திரை விலகுமுன் வாசிக்கும் முன்னிசையாகத்தான் சிம்பொனி தொடங்கியது. பிறகு பிரபுக்களின் மாளிகைக்குக் குடிபோனது. ஹைடன், எஸ்டர்ஹாசி குடும்பத்தில் சீருடை போட்ட ஊழியராக இருந்தபடி ஒன்றன்பின் ஒன்றாகச் சிம்பொனி எழுதிக்கொண்டே இருந்தார். அவர் வாழ்நாளில் எழுதியவை நூறைத் தாண்டும். 1791இல் அவர் லண்டனுக்குப் போனபோது எதிரே உட்கார்ந்திருந்தவர்கள் காசு கொடுத்து வந்த ஜனங்கள். எஜமான் சாப்பிட்டுக்கொண்டே கேட்பார், பாதியில் எழுந்தும் போவார். டிக்கெட் வாங்கியவர் கடைசிவரை இருந்து, கொடுத்த காசுக்கு என்ன கிடைத்தது என்று பார்ப்பார். சிம்பொனி நீளமானதும் கனமானதும் இந்த மாற்றத்தோடு வந்தவை. மொசார்ட் தம் கடைசி மூன்று சிம்பொனிகளை 1788 கோடையில் இரண்டு மாதத்துக்குள் எழுதி முடித்தார். பீத்தோவனோ ஐந்தாவதை 1804இல் தொட்டு 1808இல்தான் கீழே வைத்தார்.

தஞ்சாவூர்க்காரருக்கு இன்னொன்றும் சொல்ல வேண்டும். பீத்தோவன் நம் சங்கீத மும்மூர்த்திகளின் காலத்தவர். சியாமா சாஸ்திரிகள் தஞ்சையில் மறைந்ததும் பீத்தோவன் வியன்னாவில் மறைந்ததும் ஒரே வருஷம், 1827. அப்போது தஞ்சை அரண்மனையில் சரபோஜி மன்னர் மேற்கத்தியக் கருவிகள் கொண்ட ஒரு பேண்டையே வைத்திருந்தார். நமக்கும் இந்த இசைக்கும் உறவு நேற்று முளைத்ததல்ல.

ஐந்தாவது முதன்முதலாக ஒலித்தது 1808 டிசம்பர் 22 அன்று, வியன்னாவின் தியேட்டர் ஆன் டெர் வீனில். மாலை ஆறரை மணிக்குத் தொடங்கிய கச்சேரி இரவு பத்தரைவரை போயிற்று. கடும் குளிர். ஐந்தாம் சிம்பொனி, ஆறாம் சிம்பொனி, நாலாம் பியானோ கான்செர்ட்டோ, பாடகர் குழுவும் சேர்ந்த ஒரு ஃபேன்டசி என்று எல்லாம் அந்த ஒரே இரவில். போதிய ஒத்திகை கிடையாது. கடைசி உருப்படி நடுவில் குழம்பி நின்றுபோய் மறுபடி எடுத்தார்கள். இந்த இசையின் முதல் செவிகள் விறைத்துப்போன, அலுத்துப்போன செவிகள். கச்சேரியில் இருந்த ரைகார்ட் என்ற இசைக்காரர், நல்ல பண்டமும் அளவு மிஞ்சினால் தாங்காது என்கிற கருத்துப்பட எழுதி வைத்திருக்கிறார். ஆனால் அதே சிம்பொனியின் நோட்டேஷனைக் கையில் வைத்துப் படித்த எழுத்தாளர் ஹாஃப்மன் 1810இல் ஒரு நீண்ட விமர்சனம் எழுதினார். அதன் பிறகு இதன் பெயர் இறங்கவே இல்லை.

இனி அந்த நாலு சத்தம். நம் ஸ்வரத்தில் சொன்னால் ப-ப-ப-க, பிறகு ம-ம-ம-ரி. கோடம்பாக்கம் ரெக்கார்டிங் தியேட்டர்களில் பல காலம் வயலின் வாசித்த பெரியவர் ஒருவர் இதை எனக்குக் காட்டிக்கொடுத்தார். ஸ்கோரை மடியில் விரித்து, பென்சில் முனையை முதல் நோட்டுக்கும் முன்னால் வைத்தார். அங்கே கொக்கி மாதிரி ஒரு சின்னக் குறி.

"ரெஸ்ட்டு இருக்கு பாருப்பா. கண்டக்டர் கை முதல்ல இதுலதான் விழும். அப்ப யாரும் வாசிக்கக் கூடாது. அறுபது பேரும் அந்த அரை மூச்சை ஒண்ணா விடணும்."

"தவறினா என்ன சார் ஆகும்?"

"படபடன்னு உதிர்ந்துடும். மூணு நோட்டு மூணு டஜன் நோட்டா கேக்கும். ஆடிஷன்ல ஆளைப் பிடிக்க இதுவே போதும்."

கச்சேரி கேட்டுப் பழகியவர்களுக்கு இது அனாகத எடுப்பு. தாளம் முன்னே விழுகிறது, பாட்டு பின்னே வருகிறது. உலகத்திலேயே அதிகம் பேருக்குத் தெரிந்த இசைத் தொடக்கம், உண்மையில் ஒலியில்லாத ஒரு தட்டில் தொடங்குகிறது. அதில் இன்னொரு நுட்பம், அந்த ஸ்வரங்களில் ஸட்ஜம் இல்லை. அதனால் இது மைனரா மேஜரா என்று முதல் கணத்தில் யாராலும் அறுதியிட்டுச் சொல்ல முடியாது. ஸட்ஜம் கொஞ்சம் கழித்துத்தான் அடியில் வந்து உட்காருகிறது. இத்தனை முழக்கமாகக் கேட்பதை வாசிப்பவர்கள் தந்திக் கருவிக்காரர்களும் கிளாரினெட்காரர்களும் மட்டுமே. பித்தளைக் கருவி ஒன்றும் அதில் சேரவில்லை.

அந்த மூன்று குறில், ஒரு நெடில், அதுதான் விதை. முதல் மூவ்மென்ட் முழுக்க அது சுவர் மாதிரி அடுக்கப்படுகிறது. நடுவே வயலின்கள் ஒரு மென்மையான மெட்டைத் தொடங்கும்போதும் கீழே டபுள் பேஸ் அதே மூன்று குறிலைத் தட்டிக்கொண்டிருக்கும். மூன்றாம் மூவ்மென்டில் ஹார்ன்கள் அதையே வேறு தாளத்தில் உரக்கச் சொல்லும். முதல் மூவ்மென்டின் ஓரிடத்தில் அத்தனை ஆர்ப்பாட்டமும் சட்டென்று நிற்க, ஓபோ ஒன்று மட்டும் தனியாகச் சில ஸ்வரம் பாடிவிட்டு ஓயும். அந்த ஓபோவைத் தவறவிடாதீர்கள்.

என் ஆசைப் பொருளுக்கு வந்துவிட்டேன். இந்தச் சிம்பொனி நடக்கும் மேடையில் பின்வரிசையைப் பாருங்கள். மூன்று டிராம்போன்காரர்கள், பெரும்பாலும் கருவியை மடியில் சாய்த்தபடி சும்மா உட்கார்ந்திருப்பார்கள். ஆல்டோ, டெனார், பாஸ். முதல் மூவ்மென்டில் அவர்களுக்கு ஒரு நோட்டும் கிடையாது. இரண்டாவதிலும் கிடையாது. மூன்றாவதிலும் கிடையாது. சிறு குழலான பிக்கோலோவுக்கும், பாசூன் குடும்பத்தில் பெரியதான கான்ட்ராபாசூனுக்கும் இதே கதிதான். இருபது நிமிஷத்துக்கு மேல் எல்லாரும் வியர்க்க வியர்க்க வாசிக்க, இவர்கள் அசையாமல் இருக்க வேண்டும். பித்தளைக் கருவி ஆறினால் சுருதி இறங்கும். உதடும் ஆறிப்போகும். அதனால் சத்தம் வராமல் குழாய்க்குள் சூடான மூச்சை ஊதி வைத்துக்கொள்வார்கள். நாலாம் மூவ்மென்டின் முதல் தட்டில், ஒத்திகை மூச்சுக்குக்கூட இடமில்லாமல், உச்ச பலத்தில் சேர வேண்டும். ஆல்டோவுக்கு இதில் வரும் உச்ச ஸ்வரங்கள் டிராம்போன் படிப்பவர்களைப் பயமுறுத்தும் பாடம்.

டிராம்போன் அதுவரை தேவாலய இசையிலும் ஓபராவிலும்தான் அதிகம் புழங்கியது. சாவு, நரகம், தெய்வம் பேசும் காட்சிகளுக்கு அதைக் கூப்பிடுவார்கள். சிம்பொனிக்குள் அதைக் கொண்டுவந்தது பீத்தோவன்தான் முதல் என்று பல புத்தகங்களில் இருக்கிறது. ஆனால் 1807இலேயே யோவாக்கிம் எக்கர்ட் ஸ்வீடனில் ஒரு சிம்பொனியில் எழுதிவிட்டார். முதலா இரண்டாவதா என்பது எனக்குப் பெரிதல்ல. கையில் இருக்கும் பலத்தை இருபது நிமிஷம் செலவழிக்காமல் வைத்திருக்கும் துணிவுதான் பெரிது. பீத்தோவனுக்கு இது பற்றிய பெருமையும் இருந்தது. ஓப்பர்ஸ்டார்ஃப் என்ற பிரபுவுக்கு எழுதிய கடிதத்தில், இந்த மூன்று டிராம்போனும் பிக்கோலோவும் சேர்ந்தால் ஆறு டிம்பனி முரசுகளைவிட அதிகச் சத்தம், அதுவும் நல்ல சத்தம் வரும் என்று சொல்கிறார்.

அவர்கள் நுழையும் வழியைப் பாருங்கள். மூன்றாம் மூவ்மென்டின் முடிவில் இசை ஏறக்குறைய செத்துவிடுகிறது. தந்திகள் நீண்ட ஸ்வரங்களை மெல்லப் பிடித்துக்கொண்டு நிற்கின்றன. டிம்பனி மட்டும், காதைத் தீட்டினால்தான் கேட்கும் அளவில், அந்தப் பழைய லயத்தைத் தட்டுகிறது. ஐம்பது பார் அளவுக்கு இப்படி. எங்கள் ஊர்த் தேரோட்டத்தில் வடம் விறைத்து, சக்கரம் நகராமல், கட்டைகள் மட்டும் முனகும் அந்த நேரம் எனக்கு இதில் கேட்கும். கூட்டம் அப்போது கத்தாது. உள்ளங்கையில் வடம் அறுக்கும். அப்புறம் சக்கரம் ஒரு சாண் உருளும் பாருங்கள், அதுதான் நாலாம் மூவ்மென்ட். நடுவில் இடைவெளி கிடையாது. மைனர் மேஜராகிறது, நம் கணக்கில் ஏறக்குறைய நடபைரவி சங்கராபரணமாகிறது, மூன்று டிராம்போன்களும் சேர்ந்துவிட்டன. அந்த வெளிச்சம் அந்த ஒரு தட்டால் வந்ததல்ல. முன்னே கடந்த அத்தனை நிமிஷமும் கொடுத்த கடன் அது.

ஆகவே முதல் நாலு சத்தத்தை மட்டும் வெட்டி எடுத்துப் பழகுவது எனக்கு ஒப்பவில்லை. 1941இல் பிபிசி அதை வெற்றியின் அடையாளமாக ஐரோப்பாவுக்கு ஒலிபரப்பியதை நான் குறை சொல்லமாட்டேன். மோர்ஸ் தந்திக் குறியில், விக்டரியின் முதல் எழுத்தான வி மூன்று புள்ளி, ஒரு கோடு. நாஜி ஆக்கிரமிப்புக்குள் ஒளிந்து கேட்டவர்களுக்கு அது தைரியம் கொடுத்தது. ரிங்டோனும் சிரிப்புக் காட்சியின் பின்னணியும் அந்த வகை அல்ல. 1977இல் வாயேஜர் கலங்களில் போன தங்கத் தட்டில்கூட முதல் மூவ்மென்ட் மட்டுமே இருக்கிறது. சூரிய மண்டலத்தைத் தாண்டிப் போகும் பெட்டியில் அந்த டிராம்போன்கள் நுழையும் இடம் இல்லை என்பது எனக்கு உண்மையாகவே வருத்தம்.

"விதி கதவைத் தட்டுகிறது" என்று இதற்கு ஒரு விளக்கம் ஒட்டிக்கொண்டிருக்கிறது. அதைப் பீத்தோவன் சொன்னதாகச் சொன்னவர் அவருடைய உதவியாளர் ஷிண்ட்லர். அவர் பீத்தோவனின் உரையாடல் குறிப்பேடுகளில் பின்னாளில் தாமாகவே பலதைச் சேர்த்து எழுதியவர் என்பது 1970களில் நிரூபணமாயிற்று. முழுச் செவிடராக இருந்து எழுதினார் என்பதும் மிகை. காது போய்க்கொண்டிருந்தது நிஜம். 1802இல் ஹைலிகென்ஷ்டாட்டில் தம்பிகளுக்கு எழுதிய கடிதத்தில் அந்த வேதனை இருக்கிறது. ஆனால் 1808இன் அந்தக் கச்சேரியில் பியானோ கான்செர்ட்டோவை வாசித்ததே அவர்தான். கதைகள் இல்லாமலேயே இந்த இசை நிற்கும்.

கோடம்பாக்கத்துப் பெரியவரை மறுபடி சொல்லியாக வேண்டும். நாற்பது வயலின் ஒன்றாக மூச்சுவிட்டு வாசித்த தியேட்டர்கள் இருந்த ஊர் இது. இப்போது அந்த நாற்பதின் குரலும் கம்ப்யூட்டருக்குள் சாம்பிளாக இருக்கிறது; ஒரு கீபோர்டு போதும். செலவு குறைகிறது, வேலை சீக்கிரம் முடிகிறது, மறுக்கவில்லை. ஆனால் அந்த ரெஸ்ட்டில் சேர்ந்து மூச்சுவிடப் பழகிய தலைமுறை, கற்றுக்கொடுக்க ஆள் இல்லாமல் வீட்டில் இருக்கிறது. லண்டனில் நம் இசையமைப்பாளரின் சிம்பொனி ஒலித்ததற்கு மகிழ்கிறோம். அதைச் சென்னையில் நாளைக்கு வாசிக்க முழு ஆர்கெஸ்ட்ரா ஒன்றைக் கட்டிக் காப்பாற்ற அரசும் சபாக்களும் சினிமா முதலாளிகளும் காசு வைக்க வேண்டும். நாட்டில் தொழில்முறை சிம்பொனி ஆர்கெஸ்ட்ரா என்று சொல்ல மும்பையில் 2006இல் தொடங்கிய ஒன்றைத்தானே காட்ட வேண்டியிருக்கிறது?

வாசகிக்கு நேரடி யோசனை. கார்லோஸ் க்ளைபர் வியன்னா ஃபில்ஹார்மானிக்குடன் 1974இல் பதிவு செய்த ஐந்தாவதைத் தேடச் சொல்லுங்கள். சுமார் முப்பத்துமூன்று நிமிஷம். போனின் ஸ்பீக்கரில் வேண்டாம், டிம்பனி தட்டுவது அதில் காணாமல் போகும். நல்ல ஹெட்போன் வேண்டும். மூன்றாம் மூவ்மென்ட் தேயும்போது சத்தத்தைக் கூட்டாதீர்கள். மேடையைப் பார்க்க வேண்டும் என்றால் வேறு ஏதாவது வீடியோ பதிவில் பின்வரிசையைக் கவனியுங்கள். ஒரு வாரம் கழித்து அதே இரவில் அரங்கேறிய ஆறாவதைப் போடச் சொல்லுங்கள். அதில் டிராம்போன் இரண்டுதான். புயல் வரும்வரை அவையும் வாய் திறப்பதில்லை.