லால்பாக் பாறையின் வயது

பெங்களூர் லால்பாக் பூங்காவில் கெம்பே கௌடர் கோபுரத்தைத் தாங்கி நிற்கும் பாறையின்மீது நம்மில் பலர் நடந்திருப்போம். அதன் வயது ஏறத்தாழ 300 கோடி ஆண்டுகள். 1916-இல் மைசூர் நிலவியல் துறையைச் சேர்ந்த ஸ்மீத் என்பார் இவ்வகைப் பாறைக்குத் ‘தீபகற்ப நைஸ்’ எனப் பெயரிட்டார். வயதை அறியும் வழியை அளித்ததோ இரசாயனமாகும். பாறையிலுள்ள சிர்க்கான் என்னும் நுண்மணிகளில் யுரேனியம் சிறிது சிறிதாக ஈயமாக மாறுகிறது. யுரேனியம்-238 பாதியாகக் குறைய ஏறத்தாழ 447 கோடி ஆண்டுகள் செல்லும். எஞ்சிய யுரேனியத்தையும் விளைந்த ஈயத்தையும் அளந்து ஒப்பிட்டால், மணி உருவான காலம் புலப்படும்.

இத்தகைய நைஸ் பாறைகள் கிருஷ்ணகிரிப் பகுதியிலும் உள. எல்லை கடந்து வந்த நமக்கு இப்பாறை அயலன்று. உடைத்துச் சல்லியாக்கினால், அது கிடந்த அமைப்பு கூறும் சரித்திரம் மீளாது. அதனைக் காப்பது நம் கடமையுமாகும்.