தேனீக்களின் கலப்பு

ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் மலையடிவாரத் தோப்புகளில் தேனீப் பெட்டி வைக்கக் கருதும் அங்கத்தினர்கள் ஒன்றை அறிதல் நலம். ராணி ஈ வெளியே பறந்தே ஆண் ஈக்களுடன் கூடுகிறது. ஆதலின் கலப்பைப் பெட்டிக்குள் அடக்க இயலாது. 1956இல் பிரேசிலுக்குக் கொணரப்பட்ட ஆப்பிரிக்கத் தேனீக்களில் 26 கூட்டங்கள் 1957இல் தப்பின. ஒரே இனத்தின் மற்றொரு கிளையான ஐரோப்பியத் தேனீயுடன் அவை கலந்தன. எளிதில் சினந்து கொட்டும் அக்கலப்பு ஈக்கள் 1990இல் அமெரிக்காவின் டெக்ஸாஸை எட்டின.

நம் இந்தியத் தேனீயோ வேற்றினம். இத்தாலியத் தேனீயுடன் கூடினும் சந்ததி பிழைப்பதில்லை. எனவே இங்கு நாம் அஞ்ச வேண்டியது கலப்பையன்று, நோயையே. 1991 முதல் தென்னாட்டில் பரவிய தாய்லாந்துப் பைப்புழு நோய் எண்ணற்ற இந்தியத் தேனீக் கூட்டங்களை அழித்தது. வெளியூர்க் கூட்டத்தை வாங்குமுன், புழுக்கள் நீர் நிறைந்த பைபோல் மடிந்துள்ளனவா என்று அடைகளைச் சோதிப்போமாக.